அடுப்பை அணைக்கச் சொன்னவள்

நீங்கள் குடியிருக்கும் வீட்டில் நீங்கள்தான் குடியிருக்கிறீர்கள் என்று நிரூபிக்கச் சொன்னால் எதைக் காட்டுவீர்கள்? மின்கட்டண ரசீதைக் காட்டுவீர்கள். பத்திரத்தைக் காட்டுவீர்கள். கதவில் பதித்த பெயர்ப்பலகையைக் காட்டுவீர்கள். இதில் எதுவுமே இல்லாத ஆளாக உங்களைக் கொஞ்ச நேரம் நினைத்துப் பாருங்கள். அடுப்புப் புகையைக் காட்டலாம், கொடியில் காயும் துணியைக் காட்டலாம், வாசலில் நிற்கும் ஆட்டைக் காட்டலாம். அப்போது ஒருவர் அன்பாக வந்து, புகையை அணைக்கச் சொல்கிறார், துணியை எடுக்கச் சொல்கிறார், ஆட்டை மறைவில் கட்டச் சொல்கிறார், உங்களையும் சற்று ஒளிந்துகொள்ளச் சொல்கிறார். மிச்சமிருக்கும் வெறுமையைப் படம் பிடிக்கிறார். பிறகு இன்னொருவர் அந்தப் படத்தைப் போட்டுக் காட்டி, "இங்கே யாருமே இல்லையே" என்கிறார். இப்போது எதைக் காட்டுவீர்கள்?

ஒரு தையல்காரிக்கு இது நடந்தது. அவளுக்கு நடந்தது என்பதைவிட, அவள் கையாலேயே நடந்தது என்று சொல்வதுதான் சரி.

பேருந்து நிலையத்துக்கு எதிரே மாடிப்படிக்கு அடியில் இருக்கும் முக்கோண இடம்தான் அவள் கடை. நிமிர்ந்து நின்றால் தலை இடிக்கும். அதனால் உள்ளே எப்போதும் உட்கார்ந்தேதான் இருப்பாள். ஒரு தையல் மெஷின், ஓர் இஸ்திரிப் பெட்டி, சுவரில் அடித்த ஆணிகளில் தொங்கும் காக்கிச் சட்டைகள். முழங்கை கிழிந்தது, பாக்கெட் பிய்ந்தது, காலர் நைந்தது என்று வரும் அந்தச் சட்டைகள் எல்லாம் சுரங்கத்தில் வேலை செய்பவர்களுடையவை. உதறினால் செம்மண் தூசி பறக்கும். அது அவள் பிறந்த மலையின் தூசி. அந்தத் தூசி படிந்த துணியைத் தைத்துத்தான் அவள் பிழைத்தாள். கணவன் லாரி மெக்கானிக். அவனும் அதே சுரங்கத்து லாரிகளுக்கு அடியில் படுத்துத்தான் சம்பாதித்தான்.

சின்ன வயதில் மலையிலிருந்து விடுதியில் தங்கிப் படிக்க இறங்கியவள், கல்யாணம் கட்டிக்கொண்டு கீழேயே தங்கிவிட்டாள். மலையில் அவளுக்கு மிச்சமிருந்தது அக்காவும் அக்கா புருஷனும் அவர்களுடைய பிள்ளைகளும்.

சுரங்கக் கம்பெனி மலையின் அடிவாரத்தைத் தின்று முடித்துவிட்டு, உச்சியின்மீது கண் வைத்திருந்தது. உச்சி ஒரு பெரிய சமவெளி. நல்ல தாது அதற்கு அடியில்தான் இருந்தது. மலைமக்கள் மழை தொடங்கியதும் தகரக் கூரைகளைத் தோளில் சுமந்துகொண்டு மேலே போவார்கள். வீட்டுக்குக் கூரை போட்டு, சோளம் விதைத்து, அறுவடை வரை அங்கேயே இருப்பார்கள். அறுவடை முடிந்ததும் தகரத்தைக் கழற்றிக்கொண்டு இறங்கிவிடுவார்கள். விட்டுவிட்டு வந்தால் மேல்காற்று அதைப் பிய்த்து எறிந்துவிடும். ஒரு துண்டில் ஒரு வருடம் விதைத்தால் அடுத்து வரும் வருடங்களில் அதைச் சும்மா போட்டுவிட்டு வேறு துண்டுக்குப் போவார்கள். தெரியாதவன் கண்ணுக்கு அது காடு. தெரிந்தவன் கண்ணுக்கு அது ஓய்வெடுக்கும் வயல்.

சட்டமோ, தெரியாதவன் பக்கமே நின்றது. மலையுச்சியில் யாராவது குடியிருந்தாலோ பயிர் செய்தாலோ அவர்கள் சம்மதம் இல்லாமல் தோண்டக் கூடாது. யாரும் இல்லாவிட்டால் தோண்டலாம். அவ்வளவுதான் வழக்கு. யாரும் இல்லை என்றது கம்பெனி. நாங்கள் இருக்கிறோம் என்று அக்கா புருஷன் மனு கொடுத்திருந்தார். அவர்கள் கையில் பத்திரம் எதுவும் கிடையாது.

இந்த நேரத்தில்தான் ஓர் ஆவணப்பட இயக்குநர் வந்தார். நல்ல மனிதர். இதை நான் கிண்டலாகச் சொல்லவில்லை. சுரங்கங்களை எதிர்த்து ஏற்கனவே படம் எடுத்தவர். அதற்காகப் போலீஸ் ஸ்டேஷனில் உட்கார வைக்கப்பட்டவர். மாடிப்படிக்கு அடியில் குனிந்து எட்டிப் பார்த்தார்.

"அக்கா, நீங்க அந்த மலைக்காரங்கதானே? அவங்க பாஷை தெரியுமா?"

"பொறந்ததே அந்தப் பாஷையிலதான் சார். யாரையாவது திட்டணும்னா இன்னமும் அதுதான் வசதி."

இயக்குநர் விழுந்து விழுந்து சிரித்தார். அப்போதே கூலி பேசி அவளை வேலைக்கு அமர்த்திக்கொண்டார். மலைமக்கள் பேசுவதை அவருக்குச் சொல்ல வேண்டும், அவர் சொல்வதை மலைமக்களுக்குச் சொல்ல வேண்டும், படம் பிடிக்கும்போது குறுக்கே வருபவர்களை விலக்க வேண்டும். கடைக்குப் பூட்டுப் போட்டுவிட்டு அவள் மலையேறினாள். மனதுக்குள் ஒரே குதியாட்டம். இந்தப் படம் வந்தால் ஊர் உலகமெல்லாம் அக்காவைப் பார்க்கும், அதற்குப் பிறகு எவன் அசைப்பான் என்று நினைத்தாள்.

மேலே விதைப்பு முடிந்து பயிர் முழங்கால் உயரத்துக்கு வந்திருந்தது. எல்லா வீட்டுக்கும் கூரை ஏறியிருந்தது. இயக்குநர் அக்காவை உட்கார வைத்துக் கேட்டார்: "இந்த மலையை நீங்க சாமியாத்தானே கும்பிடறீங்க?"

தங்கை அதை மொழிபெயர்த்துச் சொன்னதும் அக்கா திருதிருவென்று விழித்தாள். "மலை எதுக்குடி சாமி? சோளம் விளையுது, ஆடு மேயுது, அது போதாதா? அந்த ஆளுக்கு வெயில் பட்டுடுச்சா?"

தையல்காரி இதைக் கொஞ்சம் நாசூக்காகச் சொல்லிப் பார்த்தாள். இயக்குநர் முகம் வாடிவிட்டது. சோளத்துக்காகப் போராடுகிறவர்களைவிடச் சாமிக்காகப் போராடுகிறவர்கள் திரையில் எடுபடுவார்கள். பசிக்குக் கிடைக்காத கண்ணீர் பக்திக்குக் கிடைக்கும். இது அவருக்குத் தெரியும். நமக்கும் தெரியும். கடைசியில் வீடுகளுக்குப் பக்கத்தில் இருந்த ஒரு பெரிய பாறையைத் தேர்ந்தெடுத்தார். ஊரில் அதைத் துணிப்பாறை என்பார்கள், துவைத்த துணியை அதன்மேல்தான் காயப்போடுவார்கள். "சும்மா ஒரு ஷாட்டுக்குத்தான். கும்பிடற மாதிரி நில்லுங்க" என்றார். ஊரே வரிசையாக நின்று கைகூப்பியது.

அக்கா புருஷன் உதட்டை அசைக்காமல் முணுமுணுத்தார். "நேத்துதான் என் டவுசரை இதுமேல போட்டேன். சாமி கோவிச்சுக்குமா?"

"மாமா, சிரிக்க வைக்காதீங்க, எடுத்துக்கிட்டிருக்காங்க!"

மறுநாள் விடியற்காலையில்தான் அந்தக் காரியம் நடந்தது. இயக்குநருக்குப் படத்தின் தொடக்கத்துக்கு ஒரு காட்சி வேண்டும். இயந்திரங்கள் வருவதற்கு முந்தைய மலை, பனிமூட்டம், புல், அமைதி. ஒரு பூச்சிகூடக் குறுக்கே வரக் கூடாது. ட்ரோன் மேலே போயிற்று. மானிட்டரைப் பார்த்த கேமராமேன் தலையில் அடித்துக்கொண்டார். "சார், தகரக் கூரை பளபளன்னு அடிக்குது. அந்தப் பக்கம் ஒரே புகை. சோளம் பனியில புல்லாட்டம் தெரியுது, பரவாயில்லை. மத்ததெல்லாம் இருந்தா எங்கேர்ந்து சார் கன்னிமலை?"

"அக்கா, ஃப்ரேமைக் கொஞ்சம் கிளியர் பண்ணிக் குடுங்களேன்" என்றார் இயக்குநர்.

அவள் வீடு வீடாக ஓடினாள். கூரைத் தகரத்தின்மேல் புல்லை அள்ளிப் போடச் சொன்னாள். கொடியில் இருந்த துணியை எடுக்கச் சொன்னாள். ஆடுகளைப் பள்ளத்துக்கு ஓட்டச் சொன்னாள். அக்கா அப்போதுதான் உலை வைத்திருந்தாள்.

"அக்கா, அடுப்பை அணை."

"ஏண்டி, பசங்க பசியோட இருக்குதுங்க."

"கொஞ்ச நேரம்தான். நம்ம நல்லதுக்குத்தானே எடுக்கறாங்க."

அக்கா ஒரு செம்புத் தண்ணீரை அடுப்பில் ஊற்றினாள். புஸ்ஸென்று சாம்பல் எழும்பி அவள் முகத்தில் அடித்தது. மூக்கெல்லாம் வெள்ளையாகிவிட்ட அக்காவைப் பார்த்து பிள்ளைகள் கைகொட்டிச் சிரித்தார்கள். பிறகு ஊர் முழுக்கத் துணிப்பாறைக்குப் பின்னால் போய்க் குந்தியது. "ஒதுங்கு! தலையைக் குனி! ஒதுங்கு!" என்று அவள் தொண்டை வறளக் கத்தினாள். பனி கலைந்துவிட்டதால் மறுநாளும் அதையே செய்ய வேண்டியிருந்தது. அதற்கு மறுநாளும். பிள்ளைகளுக்கு அது ஒளிந்து பிடிக்கும் விளையாட்டு. அவளுக்கு 'ஒதுங்கக்கா' என்று பெயரே வைத்துவிட்டார்கள்.

படம் எங்கெங்கோ பரிசு வாங்கியது. கீழே நகர மன்றத்தில் ஒரு மாலை திரையிட்டார்கள். மலைமக்கள் குளித்து, தலை வாரி, இருப்பதில் நல்ல துணியை உடுத்திக்கொண்டு வந்து முன்வரிசைகளில் உட்கார்ந்தார்கள். தொடக்கக் காட்சி விரிந்தது. பனி, புல், பாறை. இயக்குநரின் கம்பீரமான குரல்: "மனிதக் கால்தடம் படாத மலை இது." அரங்கமே மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தது. அக்கா பிள்ளைகள் மட்டும் எழுந்து நின்று கத்தினார்கள். "அந்தப் பாறைக்குப் பின்னாடிதான் நாங்க இருக்கோம்! இப்ப என் கால்ல எறும்பு கடிச்சுது!" எல்லோரும் சிரித்தார்கள். படம் முடியும்வரை உச்சியின் வீடோ வயலோ வரவில்லை, பாறையைக் கும்பிடும் காட்சி மட்டும் வந்தது.

பின்வரிசையில் கம்பெனி வக்கீலும் உட்கார்ந்திருந்தார். அவர் சிரித்தாரா என்று யாரும் கவனிக்கவில்லை.

விசாரணை ஒரு கல்யாண மண்டபம் மாதிரி நீண்ட அறையில் நடந்தது. ஓடாத மின்விசிறி, கறை படிந்த மேஜைவிரிப்பு, நடுவில் விசாரணை அதிகாரி. கம்பெனி வக்கீல் முதலில் தன்னுடைய சர்வே படங்களைக் காட்டினார். கூரை கழற்றிய வெற்றுச் சுவர்கள். மலைமக்கள் பக்கம் வாதாடிய வக்கீலம்மா வயதில் இளையவள், துடிப்பானவள். சட்டென்று எழுந்தாள். "அது அறுவடைக்குப் பிறகு எடுத்தது ஐயா. அப்போ எங்க ஆளுங்க கீழே இறங்கிடுவாங்க. பயிர்க் காலத்துல வந்து பாருங்க."

கம்பெனி வக்கீல் இதற்காகவே காத்திருந்தவர்போல் புன்னகைத்தார். "பயிர்க் காலம்தானே? தாராளமாப் பாக்கலாம். நாங்க எடுத்த படம்கூட இல்லை, எங்களை எதிர்க்கிறவர் எடுத்த படம்." திரை இறங்கியது. பனி, புல், பாறை. தேதியும் மாதமும் படத்தின் அடியிலேயே அழகான எழுத்தில் இருந்தன. "மனிதக் கால்தடம் படாத மலை இது" என்று இயக்குநரின் குரல் அந்த அறையில் கம்பீரமாக ஒலித்தது. நேரில் போய்ப் பார்க்கத் தேவையில்லை என்று அதிகாரி குறித்துக்கொண்டார்.

அக்கா புருஷன் முகத்தில் ஈயாடவில்லை. அக்கா திரையைப் பார்க்கவில்லை. திரும்பித் தங்கையைப் பார்த்தாள்.

வெளியே வந்ததும் வக்கீலம்மா தையல்காரியின் கையைப் பிடித்துக்கொண்டாள். "எடுத்ததையெல்லாம் அப்படியே வச்சிருப்பாங்க. வெட்டறதுக்கு முன்னாடி இருக்கற ரா ஃபுட்டேஜ். நீங்க கத்தினது, அவங்க ஓடினது எல்லாம் அதுல இருக்கும். அது கிடைச்சா கேஸ் நம்ம பக்கம். படக் கம்பெனியைக் கட்டாயப்படுத்த இந்த அதிகாரிக்கு அதிகாரம் இல்லை. அவங்களா மனசு வச்சுக் குடுக்கணும்."

"அவ்வளவுதானே? அவரு தங்கமான மனுஷன். கேட்டதும் குடுத்துடுவாரு" என்று சொல்லிவிட்டு அன்றே பஸ் ஏறினாள்.

இயக்குநரின் அலுவலகத்தில் ஏசி குளிர் உடம்பை விறைக்க வைத்தது. சுவர் அலமாரியில் விருதுகள். அவளைப் பார்த்ததும் எழுந்து வந்தார், தன் கையாலேயே காபி போட்டுக் கொடுத்தார், நடந்ததைக் கேட்டுக் கண் கலங்கினார். அந்தக் கண்ணீர் நிஜம். அதைப் பார்த்ததும் அவளுக்குப் பாதி பாரம் இறங்கியது.

"எல்லாம் பத்திரமா இருக்குக்கா. ஒண்ணுகூட அழிக்கலை" என்று மானிட்டரைப் போட்டார்.

அக்கா அடுப்பில் தண்ணீர் ஊற்றினாள். சாம்பல் எழும்பியது. பிள்ளைகள் சிரித்தார்கள். தகரக் கூரைகள், துணிக்கொடி, முழங்கால் உயரச் சோளம், பள்ளத்தில் இறங்கும் ஆடுகள், எல்லாம் இருந்தன. "ஒதுங்கு! ஒதுங்கு!" என்று தன் குரலை அவளே கேட்டாள்.

"எவ்வளவு உயிரோட்டமா இருக்கு பாருங்க" என்றார் இயக்குநர்.

"இது போதும் சார். இதைக் குடுத்துடுங்க. இல்லாட்டி நீங்களே ஒருதடவை வந்து, நான்தான் ஒதுங்கச் சொன்னேன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க."

அவர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "அதுலதான் சிக்கல். இது டாக்குமென்டரிக்கா. ஆளுங்களை மறைச்சு வச்சு எடுத்தோம்னு வெளியில தெரிஞ்சா, படம் மொத்தமும் பொய்னு ஆயிடும். பரிசைத் திருப்பிக் கேப்பாங்க. என்னை விடுங்க, நான் என்னவோ ஆயிட்டுப் போறேன். ஆனா இந்தப் படம் உங்க ஜனங்களோட குரல். அதுமேல கறை பட்டா யாருக்கு நஷ்டம்? உங்களுக்குத்தானே?"

"எங்க ஜனங்களே அங்க இல்லைன்னு ஆயிடுச்சு சார். அப்புறம் அவங்க குரலை வச்சு என்ன பண்றது?"

அவள் கைப்பையில் இருந்து செல்போனை எடுத்தாள். திரையில் அக்கா மூக்கு வெளுத்து நின்ற காட்சி உறைந்திருந்தது. அதையாவது ஒரு போட்டோ எடுத்துக்கொள்ளலாம் என்று கையை உயர்த்தினாள்.

"அது வேணாம்க்கா" என்று மிருதுவாகச் சொல்லி, அவர் மானிட்டரை அணைத்தார்.

அடுத்த விசாரணையில் சாட்சி சொல்ல அவளே போய் நின்றாள். வேறு யார் இருக்கிறார்கள்? "நான்தான் ஐயா எல்லாரையும் ஒதுங்கச் சொன்னேன். அடுப்பை அணைக்கச் சொன்னதும் நான்தான்."

கம்பெனி வக்கீல் எழுந்து நின்றார். குரலில் மரியாதைக்குக் குறைவில்லை.

"நீங்க அந்தப் படத்துல வேலை பாத்தீங்க. கூலி வாங்கினீங்க. சரிதானே?"

"ஆமா."

"ஊர் ஜனம் பாறையைக் கும்பிடற மாதிரி ஒரு காட்சி வருது. அது உண்மையா?"

"அதுவும் சும்மா எடுத்ததுதான்."

"அதாவது, இருக்கறவங்களை இல்லைன்னு காட்டினீங்க. கும்பிடாதவங்களைக் கும்பிடறதாக் காட்டினீங்க. ரெண்டுக்கும் கூலி வாங்கினீங்க. இன்னிக்கு உங்க அக்காவுக்காக வந்து நிக்கறீங்க. அம்மா, நீங்க எப்ப உண்மை பேசுவீங்கன்னு நாங்க தெரிஞ்சுக்கலாமா?"

அறையில் சிரிப்பு எழுந்தது. தான் பிறந்த பாஷையில் நாலு வசவு நாக்கு நுனிவரை வந்தது. அங்கே அது யாருக்கும் புரிந்திருக்காது.

தீர்ப்பு கம்பெனிக்குச் சாதகமாக வந்தது. மலையுச்சியில் குடியிருப்போ சாகுபடியோ இருந்ததற்கு ஆதாரம் இல்லை, கும்பிட மட்டும் வந்து போகிறார்கள் என்றது. ஆனாலும் ஈவு இரக்கம் இல்லாத தீர்ப்பு என்று யாரும் சொல்லிவிடக் கூடாதல்லவா? மலைமக்களின் மத உணர்வை மதித்து, அவர்கள் புனிதமாக வணங்கும் பாறையைச் சுற்றி வேலி போட்டுப் பாதுகாக்க வேண்டும் என்று அதிகாரி உத்தரவிட்டார். அதற்கும் ஆதாரம் அதே படம்தான்! வேலை செய்கிற மனிதன் அதில் தெரியவில்லை, கும்பிடுகிற மனிதன் மட்டும் தெளிவாகத் தெரிந்தான். அடுப்பைக் காப்பாற்றச் சட்டம் இல்லை, சாமியைக் காப்பாற்ற உடனே கம்பிவேலி வந்துவிட்டது. இல்லாத சாமிக்கு ஒரு பாறை, இருந்த மனிதர்களுக்கு ஒன்றும் கிடையாது.

இயந்திரங்கள் மேலே ஏறின. சோள வயல்களில் பாதி இப்போது குழி. நடுவில் துணிப்பாறை மட்டும் பச்சை வேலிக்குள் நிற்கிறது. அதற்கு ஒரு காவலாளி வேண்டும் என்று கம்பெனி ஆள் தேடியபோது, வேறு பிழைப்பில்லாத அக்கா புருஷன் போய்ச் சேர்ந்தார். காக்கிச் சட்டை கொடுத்தார்கள். தோள் அளவு பெரிதாக இருந்தது. பிடித்துத் தைக்க அவர் மாடிப்படிக் கடைக்கு வந்தார்.

"அக்கா எப்படி இருக்கா மாமா?"

"இருக்கா."

"என்னைப் பத்தி எதாவது சொன்னாளா?"

அவர் சட்டையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, வெற்று உடம்போடு தெருவைப் பார்த்தபடி நின்றார். "சொன்னா. அந்த டைரக்டர் சொல்லியிருந்தா நாங்க எவனும் அசைஞ்சிருக்க மாட்டோம்னு சொன்னா. நீ சொன்னியேன்னுதான் அடுப்பை அணைச்சாளாம்."

மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. அவள் தலை நிமிரவில்லை. தையல் கோணலாகப் போய், பிரித்து மறுபடி தைத்துக் கொடுத்தாள். அக்கா இன்றுவரை அவளோடு பேசவில்லை. நல்லது கெட்டதுக்குப் போனாலும் வாசலோடு சரி.

வக்கீலம்மா மேல்முறையீடு செய்திருக்கிறாள். உச்சியில் இன்னும் பாதி நிலம் தோண்டப்படாமல் இருக்கிறது. அதைக் காப்பாற்றக்கூடிய ஒரே சாட்சி, ஏசி அறையில் ஒரு ஹார்ட் டிஸ்க்கில் தூங்குகிறது. தையல்காரி அவருக்கு விடாமல் போன் செய்கிறாள். முன்பெல்லாம் எடுத்து ஆறுதல் சொல்வார். இப்போது எடுப்பதில்லை. கொடுக்காமலே அவரால் இருக்க முடிவதற்குக் காரணம், படம் பார்த்தவர்கள் யாரும் அவரிடம் அதைக் கேட்கவில்லை என்பதுதான்.

அந்தப் படம் இன்னும் ஊர் ஊராகப் போய்க்கொண்டிருக்கிறது. உங்கள் ஊருக்கும் வரும். பார்க்கப் போங்கள். அழுகை வந்தால் அழுங்கள், அதில் தவறில்லை. படம் முடிந்து விளக்கு எரிந்ததும் இயக்குநர் மேடையேறி, கேள்வி இருந்தால் கேட்கலாம் என்பார். கையை உயர்த்துங்கள். கேமராவைப் பற்றியோ பனிமூட்டத்தைப் பற்றியோ கேட்டு நேரத்தை வீணாக்காதீர்கள். வெட்டி எறிந்த காட்சிகளை மேல்முறையீட்டு மன்றத்துக்கு எப்போது கொடுக்கப் போகிறீர்கள் என்று கேளுங்கள். மழுப்புவார், சிரிப்பார், மைக்கை அடுத்தவரிடம் நீட்டச் சொல்வார். அவர் தேதி சொல்லும்வரை உட்காராதீர்கள்.